ஒரு கால் கூடுதல்

1974-ஆம் வருஷம் பொங்கல் கழிந்த மறுநாள் தொடங்கி, சங்கிலிப்பாண்டியின் வள்ளத்தில் போய் யார் சிப்பி பொறுக்கி வந்தாலும், மட்டாஞ்சேரி படகு ஜெட்டிக் கல்லில் அவர்கள் கால் பட்டதும் அது காக்காயாகிப் பறந்துபோனது. சின்னச் சோழி என்றால் சின்னக் காக்காய். கையகலச் சங்கு என்றால் அண்டங்காக்காய். புள்ளிச் சோழியிலிருந்து வந்ததற்கு நெஞ்சில் புள்ளி இருந்தது. உடைந்த சிப்பியிலிருந்து வந்தது கொஞ்சம் நொண்டியது. வள்ளத்தில் இருக்கும்வரை சிப்பி சிப்பிதான், தண்ணீரில் ஒரு குறையும் இல்லை, கரையில்தான் எல்லாம் கெட்டது. முதல் நாள் போனது எட்டுப் பேர், பறந்தது நாற்பத்தொன்று. பம்பாயிலிருந்து வந்த ஒரு சேட்டம்மா முந்தானையில் ஏழு சோழி முடிந்துவைத்திருந்தாள். ஏழும் முடிச்சை அவிழ்த்துக்கொண்டு அவள் முகத்துக்கு நேரே எழும்பின. அவள் போட்ட கூச்சலில் மிளகு மூட்டை இறக்கிக்கொண்டிருந்தவர்கள் மூட்டையைப் போட்டுவிட்டு ஓடிவந்தார்கள். ஒரு வெள்ளைக்காரன் மட்டும் தன் காக்காயைக் கக்கத்தில் இடுக்கிப் பிடித்து, அதன் வயிற்றில் காதை வைத்துப் பார்த்துவிட்டு, உள்ளே கடல் இரைகிறது என்று சொல்லி, அப்படியே எர்ணாகுளம் படகில் ஏறிப் போய்விட்டான். அவன் சொன்னது சரிதான். எல்லாக் காக்காய் வயிற்றிலும் கடல் இரைந்தது. அதைக் கேட்கிற பொறுமை மற்றவர்களுக்கு இல்லை. ஏமாற்றுக்காரன் என்றார்கள்.

சங்கிலிப்பாண்டி மட்டாஞ்சேரியிலேயே பிறந்தவர். அப்பா முனியாண்டி சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து முனிசிபாலிட்டி வேலைக்கு வந்தவர். என்ன வேலை என்று மூடி மறைக்க ஒன்றும் இல்லை. விடிந்ததும் வீடு வீடாகக் கொல்லைப்புறம் போய், மனிதர்கள் கழித்ததை வாளியில் வழித்துத் தலையில் தூக்கிவந்து வண்டியில் கொட்டுகிற வேலை. முப்பது வருஷம் அந்த ஊரில் இருந்து, ஒரு வீட்டின் முன்வாசலையும் பார்க்காமல் செத்துப்போனார். அந்த வேலை மகனுக்கு என்று ஆபீஸில் எழுதியே வைத்திருந்தார்கள். மகன் போகவில்லை. பன்னிரண்டு வருஷம் மிளகுக் கிட்டங்கியில் மூட்டை தூக்கி, தேங்காய் ஏற்றி நைந்துபோன ஒரு வள்ளத்தை வாங்கி, தார் பூசி, 1972-இல் மனிதரை ஏற்ற ஆரம்பித்தார்.

தண்ணீர் இறங்கும் நேரம் பார்த்துக் காலையில் கிளம்புவார். வல்லார்பாடத்தைச் சுற்றி, வைப்பின் ஓரமாக, காயல் கடலில் சேரும் அழிமுகத்துக்குப் போகும் வழியில், சீனவலைக் கம்பில் உட்கார்ந்திருக்கும் செம்பருந்தையும், சிறகை விரித்துக் காயப்போடும் நீர்க்காகத்தையும் காட்டுவார். அழிமுகம் வந்ததும் துடுப்பை உள்ளே எடுத்து வைத்துவிட்டுச் சும்மா இருப்பார். கொஞ்ச நேரத்தில் பக்கத்தில் ஒரு பெருமூச்சு கேட்கும். ஓங்கில் என்பார் அவர், கடல்பன்னி என்பார்கள் மலையாளிகள், டால்பின் என்று கத்திக்கொண்டு எழுந்து நிற்பார்கள் வந்தவர்கள். எழுந்து நின்றால் அவருக்கு ஆகாது. "அதுதான் உன்னைப் பார்க்க வந்திருக்குல்லா. உக்காரு" என்பார். பிறகு மணல்திட்டில் இறக்கிவிட்டு ஒரு மணிநேரம் பொறுக்கச் சொல்வார். காலி ஓடு மட்டும்தான். உள்ளே உயிர் இருந்தால், அது எத்தனை அழகான சங்கானாலும், கையிலிருந்து பிடுங்கித் தண்ணீரில் வைத்துவிடுவார். "குடியிருக்கிறவனைக் கொன்னுட்டு வீட்டைத் தூக்கிட்டுப் போவியா?" ஒரு பெரிய டாக்டர் வீட்டம்மாவிடமும் அப்படித்தான் கேட்டார். திரும்பி வந்தால் அவர் மனைவி மாயம்மாள் ஜெட்டியில் கப்பைக்கிழங்கும் மத்திக்குழம்பும் வைத்திருப்பாள். இரண்டு வருஷம் நன்றாகவே நடந்தது. மற்ற வள்ளக்காரர்கள் "எடா பாண்டீ" என்று கூப்பிட்டுச் சிரிப்பார்கள். அந்த ஊரில் தமிழனைப் பாண்டி என்பது வசவு. இவருக்குப் பேரே பாண்டி என்பதால் கோபப்படவும் வழியில்லை, என்ன என்று திரும்பித்தான் ஆகவேண்டும்.

1973 கடைசியில் ஒரு உத்தரவு வந்தது. வெளியூர்க்காரரை ஏற்றுகிற வள்ளம் எல்லாம் லைசென்ஸ் எடுக்கவேண்டும், எதைக் காட்டுகிறாய், எதை எடுத்து வருகிறாய் என்று அதில் இருக்கவேண்டும். உத்தரவு போட்ட ஆபீஸின் பேரை இங்கே எழுதவில்லை; எழுதினால் அதற்கும் ஒரு மனு கேட்பார்கள். ஜெட்டிக்குப் பின்னால் ஓடு போட்ட கட்டிடம். உள்ளே இருந்தவர்களுக்கு நாற்காலி, வந்தவர்களுக்கு இரண்டு கால். சங்கிலிப்பாண்டிக்குத் தமிழ் எழுத்துக்கூட்டி வாசிக்க வரும். மலையாளம் பேச வரும், வாசிக்க வராது. ஆகவே அந்த ஆபீஸ் வாசலில் மேசை போட்டு மனு எழுதிக்கொண்டிருந்த முகமது இஸ்மாயிலிடம் போனார்.

"சேட்டன் என்ன பொறுக்கும்?" என்று கேட்டார் இஸ்மாயில்.

"சிப்பி."

"சிப்பின்னு எழுதினா முத்து எடுக்கிறான்னு வேறே ஆபீஸுக்குத் தள்ளுவான். மலையாளத்தில பறயணும்."

சங்கிலிப்பாண்டி தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். பிறகு ஒரு சொல் சொன்னார். இஸ்மாயில் பேனாவைத் தூக்கிக்கொண்டு நிமிர்ந்தார்.

"அதுதானா? உறப்பா?"

"அதுதான். எழுதும்."

இஸ்மாயில் சொன்னதை எழுதுகிறவர், நினைத்ததை எழுதுகிறவர் இல்லை. எழுதிவிட்டார். உள்ளே குமாஸ்தா விஸ்வேஸ்வரன் மனுவில் இருந்ததைப் பார்த்து லைசென்ஸில் எழுதி, சீல் குத்தி, ஆபீஸரிடம் கையெழுத்து வாங்கிக் கொடுத்தார். மாயம்மாள் அதை டிரங்குப் பெட்டியில் சேலைக்கு அடியில் வைத்தாள். பொங்கலுக்கு மறுநாள் முதல் காக்காய் பறந்தது.

காரணத்தைக் கண்டுபிடித்தவள் நீலாம்பாள் டீச்சர். திருப்பூணித்துறையில் பெண்பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தியவள். வருஷம் ஒருமுறை பதினாறு பிள்ளைகளை இரண்டு நடையாக வள்ளத்தில் கூட்டிப்போய் கடலைக் காட்டுவாள். அந்த மாசி மாதம் அவள் பிள்ளைகள் பொறுக்கியதும் பறந்துபோனது. பதினாறும் ஜெட்டியில் உட்கார்ந்து அழுதன. டீச்சர் அழவில்லை. "லைசென்ஸைக் கொண்டாங்கோ, பாக்கறேன்" என்றாள். மாயம்மாள் ஓடிப்போய் எடுத்துவந்தாள். டீச்சர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டு வாசித்தாள்.

"இதுல ஒரு கால் ஜாஸ்தியா இருக்கே. முதல் எழுத்துக்குப் பக்கத்துல துணைக்கால் போட்டிருக்கா. அது இல்லேன்னா சிப்பி. இருந்தா காக்கா. உமக்குக் காக்கா பொறுக்கத்தான் லைசென்ஸ் குடுத்திருக்கா."

மலையாளத்தில் சிப்பிக்குக் கக்கா என்று பேர். அதே சொல்லுக்குத் தமிழில் என்ன அர்த்தம் என்று பிள்ளை வளர்த்த வீட்டில் எல்லோருக்கும் தெரியும். "அந்தக் குமாஸ்தா செஞ்ச வேலை!" என்று கத்தினாள் மாயம்மாள். ஜெட்டியே குமாஸ்தாவைத் திட்டியது. சங்கிலிப்பாண்டியும் சேர்ந்து திட்டினார். ஆனால் அந்தக் காலைப் போட்டது யார் என்று அவருக்குத் தெரியும். அது அவர் வாயிலிருந்து வந்தது. சிறுவயதில் அவர் தெருவில் நடந்தால் தமிழ்ப் பிள்ளைகள் பின்னாலேயே வந்து, "கக்கா மகன், கக்கா மகன்" என்று மூக்கைப் பொத்திக்கொள்வார்கள். ஆறு வயதில் அந்தச் சொல்லை வாயில் எடுப்பதில்லை என்று முடிவு செய்தவர். மலையாளிகளிடம் சிப்பியைக் கேட்கவேண்டி வந்தால் விரலை நீட்டி "இது" என்பார். ஆபீஸ் வாசலில் வைத்து அந்தச் சொல்லைச் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. கொஞ்சம் மரியாதையாக இருக்கட்டும் என்று முதல் எழுத்தை இழுத்துச் சொன்னார். காக்கா என்று ஆகிவிட்டது. இதை அவர் மாயம்மாளிடம்கூடச் சொல்லவில்லை.

திருத்திக் கொடு என்று ஆபீஸுக்குப் போய் நின்றார். விஸ்வேஸ்வரன் கெட்ட மனிதர் இல்லை, அதனால் இன்னும் கெடுதல். பொறுமையாக ஃபைலை எடுத்துப் பிரித்துக் காட்டினார். "இங்க பாரு. காகிதத்தில காக்கா. கரையிலயும் காக்கா. ரெண்டும் சரியா இருக்கு. பின்னே என்ன பராதி? காகிதத்தில காக்கான்னு இருந்து கரையில சிப்பி வந்தால்லே குற்றம்?" சிப்பி எப்படிச் சார் காக்காய் ஆகும் என்று கேட்டதற்கு, அது இந்த செக்ஷன் இல்லை என்றார். மனுமேல் மனு போனபின் பரிசோதிக்க ஒருத்தர் வந்தார். வள்ளத்தில் ஏறி, கப்பையும் மத்தியும் தின்று, நாலு சிப்பி பொறுக்கி, நாலும் ஜெட்டியில் பறந்ததைக் கண்ணால் பார்த்து, சரக்கு லைசென்ஸின்படியே இருக்கிறது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். போகிறபோது ஒரு வரி கூடவும் எழுதினார்: நீர்க்காகத்தைக் காட்டலாம், அதுவும் காக்காய்தான், ஓங்கிலைக் காட்ட லைசென்ஸில் இடமில்லை. அதற்குப் பிறகு சங்கிலிப்பாண்டி அழிமுகத்தில் துடுப்பை உள்ளே வைத்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டு இருப்பார். ஓங்கில் தானாக வந்து மூச்சுவிட்டால் அவர் காட்டியதாகாது. 1975-இல் எமர்ஜென்சிக்கு ஊரெல்லாம் பயந்து, ஆபீஸ்காரர்கள் பத்தரை மணிக்கே வந்து உட்கார்ந்தார்கள். உட்கார்ந்தார்கள், அவ்வளவுதான்.

1977-இல் விஸ்வேஸ்வரன் ஒரு வழி கண்டுபிடித்துச் சொன்னார். மனுதாரர் நேரில் வந்து, ஆபீஸர் முன்னால் நின்று, சரக்கின் சரியான பேரைத் தன் வாயால் சொன்னால், குமாஸ்தா கேட்டு எழுதிக்கொள்வார். அதோடு தீர்ந்தது. சாதாரண விஷயம். இஸ்மாயில் எழுதித் தரக்கூடாதா? கூடாது. டீச்சர் வந்து சொல்லக்கூடாதா? கூடாது. பொறுக்குகிறவன் வாயிலிருந்துதான் வரவேண்டும். சங்கிலிப்பாண்டி ஆபீஸர் அறைவரை போனார். மேசைக்குப் பின்னால் ஆபீஸர், பக்கத்தில் விஸ்வேஸ்வரன், வாசலில் பியூன் பிச்சைமணி. பிச்சைமணி தமிழ் ஆள், அதே தெருவில் வளர்ந்தவன். "சொல்லும் அண்ணாச்சி, என்ன பொறுக்குதீரு?" என்று சிரித்தான். சிரிப்பு எதற்கென்று அவருக்குத் தெரியும். திரும்பி வந்துவிட்டார். "ஒரு வார்த்தை சொல்ல முடியலையா ஒமக்கு? வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று மாயம்மாள் ஒரு வாரம் கரித்துக்கொட்டினாள். ஒரு வார்த்தைக்காக வள்ளத்தைத் தின்னக் கொடுக்கிற மனுஷன் எங்கேயும் உண்டா என்று ஜெட்டியே கேட்டது. உண்டு. அவர்தான்.

அப்படி வருஷங்கள் போயின. ஏறுகிறவர்கள் குறைந்தார்கள். ஆடி அமாவாசைக்கு மட்டும் கூட்டம் வரும். பிண்டம் வைத்துக் காக்காய் வராதவர்கள், ஒரு சிப்பி பொறுக்கிக் காக்காய் ஆக்கித் தாருங்கள் என்று நிற்பார்கள். அவர் ஏற்றமாட்டார். "உயிரோட இருக்கிறதைப் பார்க்க வாறவன்தான் என் வள்ளத்துல ஏறணும்." நீலாம்பாள் டீச்சர் மட்டும் வருஷம் தவறாமல் பிள்ளைகளைக் கூட்டிவந்தாள். பிள்ளைகளுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுவாள்: கரை வருமுன் சிப்பியை நன்றாகப் பார்த்து நோட்டில் வரைந்துகொள்ளுங்கள், பிறகு பறந்துவிடும். அவர்களும் வரைந்துகொண்டார்கள். மற்ற ஊர்ப் பிள்ளைகளைவிட நன்றாகவே வரைந்தார்கள். மாயம்மாள் கப்பையும் மீனும் விற்று வீட்டை ஓட்டினாள்.

பறந்த காக்காய்கள் வேறெங்கும் போகவில்லை. தாம் எங்கே பிறந்தோம் என்று அவற்றுக்குத் தெரிந்திருந்தது. எட்டு வருஷத்துக் காக்காயும் அந்த ஆபீஸின் ஓட்டுக் கூரையில்தான் உட்கார்ந்தன. ஓடு தெரியாது, கறுப்புதான் தெரியும். பதினோராயிரத்துச் சொச்சம் என்று இஸ்மாயில் சொல்வார்; அவருக்கு வேலை இல்லாத நேரம் நிறைய. கூரையில் அவை இட்டது ஓட்டு இடுக்கு வழியாக உள்ளே சொட்டியது. ஃபைலில் சொட்டியது, சாயாவில் சொட்டியது, கடைசியில் 1982 ஜூலையில் ஆபீஸர் தலையில் சொட்டியது. அன்றைக்கே நோட்டீஸ் வந்தது. எட்டு வருஷம் ஒரு காலை எடுக்க முடியாத ஆபீஸ், ஒரு மத்தியானத்தில் நோட்டீஸ் அடித்துவிட்டது. இஸ்மாயில் வாசித்துக் காட்டினார். மேற்படி காக்காய்கள் தங்கள் லைசென்ஸின்படி உண்டானவை. ஆகையால் அவை அசுத்தம் செய்ததைத் தாங்களே வெள்ளிக்கிழமை பதினொரு மணிக்கு நேரில் வந்து, வாளி கொண்டு சுத்தம் செய்யவேண்டும். தவறினால் வள்ளம் ஜப்தி. வாளி என்ற இடத்தில் இஸ்மாயிலின் குரல் இறங்கியது. அவருக்கு முனியாண்டியைத் தெரியும்.

வெள்ளிக்கிழமை சங்கிலிப்பாண்டி சலவைச் சட்டை போட்டுக்கொண்டு போனார். மாயம்மாள் வேண்டாம் வேண்டாம் என்று பின்னாலேயே வந்தாள். ஆபீஸர் குடை பிடித்துக்கொண்டு வராந்தாவில் நின்றார். விஸ்வேஸ்வரன் ஃபைலோடு நின்றார். பிச்சைமணி தகர வாளியைக் கொண்டுவந்து அவர் காலடியில் வைத்தான், இந்தத் தடவை சிரிக்காமல்.

"என்னத்தை வழிக்கணும்?" என்று கேட்டார் சங்கிலிப்பாண்டி.

"காஷ்டம்" என்றார் விஸ்வேஸ்வரன். மலையாளத்தில் அது கௌரவமான சொல்.

"எனக்கு அந்த பாஷை தெரியாது."

"எச்சம்."

"அதுவும் தெரியாது. எங்கப்பன் முப்பது வருஷம் உங்க கொல்லையில இருந்து தலையில தூக்குனாரே, அதுக்கு என்ன பேரு? அதைச் சொல்லும். வழிச்சிருதேன்."

ஆபீஸர் குடைக்குள்ளே பார்த்தார். விஸ்வேஸ்வரன் ஃபைலைப் பார்த்தார். சின்ன வயதில் தெருவெல்லாம் கத்திய பிச்சைமணி வாளியைப் பார்த்தான். ஊர் முழுக்க அவர் அப்பனுக்குப் பேராக வைத்த சொல்லைச் சொல்ல, அங்கே ஒரு ஆண்பிள்ளைக்கும் வாய் வரவில்லை.

"ஏம்லே, நாறுதோ? கழிக்கிறதுக்கு உங்களுக்கு நாறலை, தூக்குறதுக்கு எங்கப்பனுக்கு நாறலை, பேரைச் சொல்ல மட்டும் நாறுதோ? நான் சொல்லுதேன். கக்கா! கேட்டுதா சாரே? கக்கா! எழுதிக்கோ, கக்கா!"

விஸ்வேஸ்வரன் இருபத்தேழு வருஷம் குமாஸ்தாவாக இருந்தவர். எழுதிக்கோ என்று யாராவது சொன்னால் அவர் கை எழுதிவிடும். மனுதாரர் நேரில் வந்திருக்கிறார், ஆபீஸர் முன்னால் நிற்கிறார், தன் வாயால் சொல்லியிருக்கிறார். ஃபைலைத் திறந்து, ஐந்து வருஷமாகக் காலியாகக் கிடந்த இடத்தில், கால் இல்லாமல் எழுதினார்.

அதே நேரம் டிரங்குப் பெட்டியில் லைசென்ஸிலிருந்து அந்தக் கால் கழன்று விழுந்தது. மறுநாள் மாயம்மாள் பார்த்தபோது பெட்டிக்குள் சின்ன இறகுத் துண்டு போலக் கிடந்தது; சேலையோடு உதறித் தள்ளினாள். கூரையில் உட்கார்ந்திருந்த பதினோராயிரத்துச் சொச்சமும் ஒரே சமயத்தில் சிப்பியாயின. சிப்பிக்கு நகம் கிடையாது, பிடித்து உட்கார முடியாது. ஓடும் தாங்கவில்லை. அந்தச் சத்தம் வைப்பின்வரை கேட்டது. சோழியும் சங்கும் மேசை மூடுமட்டும் உள்ளே நிறைந்தன. சாவு ஒன்றும் இல்லை. ஆபீஸர் குடையைப் பொத்துக்கொண்டு ஒரு சங்கு மண்டையில் இறங்கியது, வீக்கம் நாலு நாள் இருந்தது. வாசலில் இருந்த இஸ்மாயிலின் மேசையில் ஒரு சிப்பிகூட விழவில்லை. சங்கிலிப்பாண்டி தகர வாளியை எட்டி உதைத்துவிட்டு மாயம்மாளோடு நடந்துபோனார். வழியில் அவளிடம் அந்தக் காலைப் பற்றிச் சொன்னார். "அது எனக்கு அப்பவே தெரியும். உம்ம வாயில இருந்து வரணும்னுதான் இருந்தேன்" என்றாள் அவள். தெரிந்திருக்காது. சொன்னாள்.

சிப்பியை அள்ளிப்போக வேண்டும் என்று ஆபீஸ் மறுபடி நோட்டீஸ் அனுப்பியது. என் லைசென்ஸ் கடலில் பொறுக்க, ஆபீஸில் பொறுக்க இல்லை என்று இஸ்மாயில் கையால் பதில் போனது. கடைசியில் காளவாசல்காரர்கள் வந்து வண்டி வண்டியாக அள்ளி, சுட்டுச் சுண்ணாம்பு ஆக்கினார்கள். ஒருத்தரும் வந்து தப்பு எங்களுடையது என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. புதுக் கூரை போட்டு, அந்தச் சுண்ணாம்பையே கரைத்து ஆபீஸ் சுவருக்கு அடித்தார்கள். சுண்ணாம்பு காய்ந்த மறுநாள் பத்தரை மணிக்கு, கதவு திறந்ததும், நாலு சுவரும் காக்காய் போலக் கரைந்தன. முதல் வாரம் ஆட்கள் வெளியே ஓடினார்கள். இரண்டாவது வாரம் மறுபடி வெள்ளையடித்தார்கள். அதற்குப் பிறகும் கரைந்தது, கொஞ்சம் பலமாக. மூன்றாவது வாரம் பழகிப்போனது. காக்காய் கரைந்தால் வீட்டுக்கு விருந்தாளி வரும் என்பது தமிழனுக்கும் மலையாளிக்கும் ஒன்றுதான். சுவர் கரைந்ததும் பிச்சைமணி யாரும் சொல்லாமலே ஒரு ஸ்டூலைத் தூக்கிவந்து மேசைக்கு முன்னால் போட ஆரம்பித்தான். மனு கொண்டுவந்தவர்கள் உட்கார ஆரம்பித்தார்கள். ஆபீஸர் ஒருநாள் எடுக்கச் சொன்னார். மத்தியானம்வரை சுவர் கரைவதை நிறுத்தவில்லை. அதற்குப் பிறகு எடுக்கச் சொல்லவில்லை.

1983 ஜனவரியில் சங்கிலிப்பாண்டி லைசென்ஸ் புதுப்பிக்கப் போனார். வள்ளத்தில் அப்போது இடம் கிடைக்க ஒரு வாரம் முன்னால் சொல்லிவைக்க வேண்டியிருந்தது. சுவர் கரைந்தது. பிச்சைமணி ஸ்டூலைப் போட்டுத் துண்டால் துடைத்தான். சங்கிலிப்பாண்டி உட்கார்ந்தார், காலை நீட்டியே உட்கார்ந்தார். விஸ்வேஸ்வரன் பேனாவை எடுத்தார்.

"என்ன பொறுக்கும்?"

"கக்கா" என்றார் சங்கிலிப்பாண்டி. "காட்டுறது ஓங்கில். அதையும் எழுதும்."

இரண்டையும் எழுதினார்கள். சுவர் இன்னொரு தடவை கரைந்தது. இன்னொரு ஆள் வருகிறார் போல என்று பிச்சைமணி அடுத்த ஸ்டூலை எடுக்கப் போனான்.